ஒரே விரலில் இரண்டு

அம்மாவின் விரலிலிருந்து மோதிரங்களைக் கழற்றியது பானுதான். துணியை இழுத்து மூடுவதற்கு முன் நர்ஸ், "கெஹ்னா உத்தார் லோ, பேட்டி" என்று நகைகளைக் கழற்றச் சொன்னாள். பானு தோட்டைக் கழற்றினாள். செயினைக் கழற்றினாள். பிறகு இடது கையின் மோதிர விரல். அதில் இரண்டு மோதிரங்கள் இருந்தன. இரண்டும் ஒன்றாகவே வந்தன. அவற்றைச் சேர்த்து வெள்ளை நூல் சுற்றியிருந்தது. தனித்தனியாக வர வழியில்லை.

அவற்றை எங்கே வைப்பதென்று அவளுக்குத் தெரியவில்லை. டியூட்டியிலிருந்து நேராக ஆஸ்பத்திரிக்கு வந்திருந்தாள். தோளில் வேலைப் பை தொங்கியது. ஜிப்பைத் திறந்து, கேபிள் இழை வெட்டும் கத்திரிக்கோலுக்குப் பக்கத்தில் போட்டு மூடினாள்.

அதற்குப் பிறகு அவளால் ஓர் இடத்தில் உட்கார முடியவில்லை. விமான நிலையத்தை ஒட்டிய லம்பா லைன் வீட்டுக்குத் துக்கம் கேட்க வந்தவர்கள் நாற்காலியை இழுத்துப் போட்டு, "உக்காரும்மா" என்றார்கள். உட்காருவாள். விமானம் ஒன்று கூரையை உரசுவதுபோல இறங்கும். அந்தச் சத்தத்தைச் சாக்காக வைத்து எழுந்துவிடுவாள். சமையலறைக் குழாயின் ஒழுகலை அடைத்தாள். சுவிட்ச் போர்டைக் கழற்றித் துடைத்து மாட்டினாள். லீவில் இருந்துகொண்டே தெருமுனைக் கம்பத்தில் ஏறி யாருடைய இணைப்பையோ சரிசெய்தாள். கீழே நின்ற வங்காளிக் கிழவர், "உங்க வீட்டில துக்கமில்லையா?" என்று இந்தியில் கேட்டார். "இருக்கு" என்று சொல்லிவிட்டு வேலையை முடித்தாள்.

மோதிரங்கள் பையில் இருந்தன.

காரியத்துக்கு முந்தைய நாள் காலையில் ஒச்சம்மா அத்தை பேச்சை எடுத்தாள். ஒச்சம்மா, அம்மாவின் இரண்டாவது கணவர் சண்முகத்தின் அக்கா. உசிலம்பட்டிப் பக்கத்திலிருந்து கப்பலேறி வந்து நாற்பது வருஷமாகியும் பேச்சில் ஊர் மண் ஒட்டிக்கொண்டிருந்தது.

"ஏத்தா பானு. அந்த மோதிரம் ஒங்கிட்டத்தான இருக்கு?"

"இருக்கு அத்தை."

"நாளைக்குக் காரியம் முடியவும் நூல அறுத்துப் பிரிச்சிரு. உங்கப்பன் மோதிரம் உனக்கு. அதுல எங்களுக்கு ஒண்ணும் வேணாம். எங்க வீட்டு மோதிரம் எங்களுக்கு. எம் மகன் பிரவீனுக்கு வைகாசியில நிச்சயம் வச்சிருக்கு, வரப்போற பொண்ணுக்குப் போடுவேன். இத்தன வருஷமா ரெண்டையும் ஒண்ணாக் கட்டிப்போட்டு வச்சது போதும்."

"சரி அத்தை."

யோசிக்காமல் வந்த பதில். யோசிக்க என்ன இருக்கிறது? பத்து வயதிலிருந்து அவள் கேட்டுக்கொண்டிருந்தது அதைத்தானே.

பானுவின் தகப்பனார் முருகையா, கச்சால் தீவின் ரப்பர் தோட்டத்தில் பால் எடுத்தவர். அம்மா சுகுணாவும் அதே தோட்டத்தில் பால் எடுத்தவள்தான். இரண்டு குடும்பங்களும் இலங்கை மலைத்தோட்டத்திலிருந்து கப்பலில் கொண்டுவந்து இறக்கப்பட்டவை. கல்யாணத்தில் பெண்வீட்டார் மாப்பிள்ளைக்குப் போட்ட மோதிரம் ஒன்று. பானுவுக்கு ஆறு வயதாக இருக்கும்போது முருகையா காய்ச்சலில் செத்துப்போனார். அடுத்த வருஷம் கடல் வந்து மற்றதையெல்லாம் கொண்டுபோனது. சுகுணாவின் விரலில் தொளதொளவென்று கிடந்த அந்த ஆம்பிளை மோதிரம் மட்டும் மிஞ்சியது. தகப்பனாருக்கு ஒரு போட்டோ கூடக் கிடையாது.

தாயும் மகளும் சௌல்தாரியில் சித்தப்பா வீட்டுக்கு வந்து பாக்குத் தோட்டத்தில் ஒண்டினார்கள். அங்கேயிருந்துதான் சுகுணா சண்முகத்தைக் கட்டிக்கொண்டாள். தீவுக்குத் தீவு போகும் சர்க்கார் படகில் அவர் டெக்கில் கயிறு இழுப்பவர். பேசுவதற்குக் காசு கேட்பார்களோ என்று பயந்தவர்போல இருப்பார். "மாமான்னு கூப்பிடு" என்றாள் அம்மா. பானு அப்படியே கூப்பிட்டாள். இன்றுவரை அப்படித்தான்.

லம்பா லைன் வீட்டுக்கு வந்த முதல் நாளே அம்மாவின் விரலைப் பார்த்துவிட்டாள். அப்பாவின் மோதிரத்துக்கு மேலே இன்னொன்று. மெல்லியது, சிறியது, சிவப்புக் கல் வைத்தது. கொஞ்ச காலம் கழித்து இரண்டையும் சேர்த்து நூல்.

"அதை அறுத்துடும்மா. அப்பாவோடது தனியா இருக்கட்டும்."

"அறுக்க ஏலாது."

"ஏன்?"

"ஏலாதுன்னா ஏலாது. போய்ப் படி."

கச்சாலிலிருந்து கூடவே வந்த அந்த 'ஏலாது' வீட்டில் ஒரு கதவைப்போல. மூடினால் மூடியதுதான். பானு அதற்குப் பிறகு கேட்பதை நிறுத்திவிட்டாள். பார்ப்பதை நிறுத்தவில்லை. தட்டில் சோறு விழும்போதும், தலையில் எண்ணெய் தேய்க்கும்போதும் அவள் கண்ணுக்கு நேரே அந்த இரண்டும் ஒட்டிக்கொண்டு வரும். அப்பாவை யாரோ கட்டிப்போட்டிருப்பதுபோல இருக்கும்.

இப்போது கத்திரிக்கோல் இருக்கிறது. எஃகைவிட உறுதியான இழையையே அறுக்கும் கத்திரிக்கோல். அறுக்கச் சொல்லி எதிர்த் தரப்பே கேட்டுவிட்டது. பானு ஸ்டூலில் உட்கார்ந்து மோதிரங்களை வெளியே எடுத்தாள். கத்திரிக்கோலை விரித்தாள்.

நூலை முதல்முறையாகக் கிட்டத்தில் பார்த்தாள். வேலை தெரிந்தவளின் பார்வை தானாக வந்தது. சுற்றுகள் ஒன்றின்மேல் ஒன்று ஏறாமல் வரிசையாக அடுக்கியிருந்தன. முடிச்சு எங்கும் இல்லை. ஆரம்பமும் முடிவும் உள்ளே புதைந்திருந்தன. லேசாக மெழுகு வாசனை. நூலும் பழசில்லை, உப்புக்காற்றில் ஒரு வருஷம் கிடந்த நூல் இத்தனை வெள்ளையாக இருக்காது.

அலமாரியின் மேல் அம்மாவின் போன் 'டிங்' என்றது. மறுபடி 'டிங்'. சார்ஜில் போட்டது யாரென்று தெரியவில்லை. மூன்றாம் முறை ஒலித்ததும் கத்திரிக்கோலை மடக்கிவிட்டு எழுந்தாள். எழுந்திருக்க ஒரு சாக்கு கிடைத்துவிட்டது.

சென்னையிலிருந்து கடலுக்கடியில் கேபிள் வருவதற்கு முன் இந்தத் தீவுகளில் போனில் ஒரு படம் திறப்பதற்குள் டீ ஆறிவிடும். கேபிள் வந்த பிறகுதான் பானுவுக்கு இந்த வேலையே கிடைத்தது. லம்பா லைனில் அவள் முதலில் இணைப்புக் கொடுத்த வீடு அவளுடைய வீடுதான். அம்மா அதை வைத்து என்ன செய்வாள் என்று அவள் யோசிக்கவில்லை. அம்மா ஒரு விளையாட்டுக்குள் குடியேறினாள்.

போனுக்குள் ஓர் ஊர். அதில் பொம்மை ஆட்கள். ஒவ்வொரு பொம்மைக்கும் பின்னால் எங்கோ ஓர் ஆள். வீடு கட்டுவார்கள், வெண்டை போடுவார்கள், ஒருவரையொருவர் கல்யாணம் செய்துகொள்வார்கள். கல்யாணம் செய்தால் ஒரு மோதிரம் வரும். அம்மாவின் பொம்மைக்குப் பெயர் 'கச்சால் சுகுணா'. அதற்கு முதலில் ரங்கத் ஊர்க்காரர் யாரோ புருஷன். அவர் விளையாட வருவதை நிறுத்திவிட்டார். பிறகு 'கேப்டன்' என்ற மீசைக்காரப் பொம்மையைக் கட்டிக்கொண்டது. அந்தக் கேப்டன், ஜங்லிகாட்டில் ஃபேன்ஸி ஸ்டோர் வைத்திருக்கும் அல்மாஸ். பெண்டாட்டியும் புருஷனுமாக இரண்டு பெண்களும் கடைக் கல்லாவுக்குப் பின்னால் அக்கம்பக்கத்தில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்து ஊர் நடத்துவார்கள். "எம் பொண்டாட்டிக்கு ஒரு பொண்டாட்டி" என்று அல்மாஸின் கணவர் சமது வருகிறவர்களிடம் சொல்லிச் சிரிப்பார்.

பானு போனைத் திறந்தாள். அம்மாவின் பூட்டு எண், பானு பிறந்த வருஷம். விளையாட்டு தன்பாட்டில் விரிந்தது. கிணற்றடியில் கச்சால் சுகுணா பச்சைச் சேலையில் நின்றது. மூச்சு விடுவதுபோல் தோள் ஏறி இறங்கியது. நின்ற மறு கணம் நாலா பக்கமிருந்தும் பொம்மைகள் ஓடிவந்தன.

'அக்கா வந்தாச்சு!'

'எங்கக்கா போனீங்க இத்தனை நாளா?'

'அப்டேட் பாத்தீங்களா? நீங்க கேட்டது வந்துருச்சு. ஒரே விரல்ல மூணு மோதிரம் வரைக்கும் போடலாமாம்.'

'எனக்கு நிச்சய மோதிரம், கல்யாண மோதிரம் ரெண்டும் இருக்கு. எது உள்ள எது வெளிய? சொல்லிக்குடுங்க.'

பானு போனை ஸ்டூலில் வைத்தாள். எடுத்தாள். அதற்குள் அவளுடைய சொந்தப் போன் அலறியது. அல்மாஸ்.

"யாரு... யாரு அது?" மூச்சு வாங்கியது. "பானுவா? அல்லா, ஒரு நிமிசம் எனக்கு உசுரே நின்னுபோச்சு. 'உங்கள் மனைவி ஆன்லைனில்'னு காட்டுது. தைலத்தத் தேச்சுக்கிட்டு உக்காந்திருக்கேன்."

"தெரியாமத் திறந்துட்டேன் அல்மாஸக்கா. மூடிடறேன்."

"மூடாத. அத்தனை பேரும் நிக்கிறாங்க. கடைக்கு வா, நாம ரெண்டு பேரும் சேர்ந்து சொல்லலாம். ஒத்தையில எனக்கு முடியாது."

ஸ்கூட்டர் சாவியை எடுத்துக்கொண்டு பானு கிளம்பினாள். வாசலில் சண்முகம் நாளைக்கான பித்தளைப் பாத்திரங்களைப் புளி போட்டுத் துலக்கிக்கொண்டிருந்தார். நிமிர்ந்து பார்த்தார். எங்கே என்று கேட்கவில்லை. "தண்ணி குடிச்சிட்டுப் போ" என்றார். அவள் குடிக்கவில்லை.

ஜங்லிகாட்டின் சந்தில் ஆட்டோவும் மீன்கூடையும் ஸ்கூட்டரும் ஒன்றையொன்று முட்டிக்கொண்டு நின்றன. கடைக்கு முன்னால் சமது வளையல் பெட்டியைப் பிரித்துக்கொண்டிருந்தார். பானுவைப் பார்த்ததும் எழுந்து நின்றார். வழக்கமான சிரிப்பை எடுக்கப் போய், பாதியில் வைத்துக்கொண்டார்.

"உள்ள போம்மா. உங்கக்கா காலையிலேர்ந்து அழுதுக்கிட்டே ஏவாரம் பாக்குறா. கஸ்டமர் பயந்து பாதி விலை கேக்க மாட்டேங்குறான்."

கல்லாவுக்குப் பின்னால் இரண்டு ஸ்டூல். ஒன்றில் அல்மாஸ். இன்னொன்று காலி. பானு அதில் உட்காராமல் கண்ணாடிப் பெட்டியில் சாய்ந்து நின்றாள். பெட்டிக்குள் கவரிங் மோதிரங்கள் அட்டையில் குத்தி நின்றன.

"இந்த எடத்துல உக்காந்துதான் சுகுணாக்கா கல்யாணப் பொண்ணுங்களுக்கு வைத்தியம் பாக்கும்" என்றாள் அல்மாஸ். "எந்தப் பொண்ணு ரெண்டு மோதிரத்தோட வந்தாலும் கையப் புடிச்சுக்கும். 'பட்டையா இருக்கிறத உள்ள போடு. கல்லு வச்சத வெளிய போடு. கல்லும் கல்லும் உரசவே கூடாது. லூசா இருக்கிற மோதிரத்தக் கழட்டி எறியாத; மேல டைட்டா ஒண்ணு போடு, அது புடிச்சுக்கும்.' அதான் இந்த ஊர்லயும் பேரு மோதிர அக்கா, அந்த ஊர்லயும் மோதிர அக்கா. ஞாயித்துக்கிழமை சாயங்காலம் கிணத்தடியில கிளாஸ் நடக்கும். சேலைக்கு எது, பேண்டுக்கு எதுன்னு. ஆனா அந்த விளையாட்டுல ஒரு விரலுக்கு ஒண்ணுதான். ரெண்டாவதப் போட்டா முதலாவது பைக்குள்ள போயிரும். அதுதான் அக்காவுக்கு ஆகாது. கம்பெனிக்கு எத்தனை தடவை கேட்டிருக்கும் தெரியுமா? 'நீங்க கல்யாணம் பண்ணினீங்களா தம்பி?'ன்னு கேட்டு அனுப்பிச்சு ஒருதரம்."

பானுவுக்குச் சிரிப்பு வந்தது. 

"முதல்ல சொல்லிடலாம்" என்றாள்.

அல்மாஸ் தன் போனைத் திறந்தாள். மீசைக்காரக் கேப்டன் கிணற்றடிக்கு நடந்து வந்து பச்சைச் சேலைக்குப் பக்கத்தில் நின்றது. பானு தட்டினாள்: 'நான் சுகுணாவின் மகள். அம்மா தவறிவிட்டார்கள். மூளையில் ரத்தக்கசிவு. நாளை காரியம்.' அனுப்பினாள். தகவல் முழுமையாக இருக்கிறதா என்று ஒருமுறை படித்துப் பார்த்தாள். வேலையிடத்துப் பழுது அறிக்கை மாதிரி இருந்தது.

பொம்மைகள் அப்படியே நின்றன. ஒன்று உட்கார்ந்தது. அதைப் பார்த்து மற்றதும் உட்கார்ந்தன.  பிறகு ஒருவர், 'அப்ப ஞாயித்துக்கிழமை கிளாஸ்?' என்று கேட்டார். உடனே அழித்துவிட்டார்.

இன்னொருவர் எழுதினார்: 'அக்கா ஆசைப்பட்டது வந்தப்ப அக்கா இல்ல. அவங்க மோதிரம் ரெண்டையும் ஒரே விரல்ல போட்டுவிடுங்க, நாங்க பாத்துக்கறோம்.'

பானு பையைத் திறந்தாள், பொம்மையின் பையை. ரங்கத்துக்காரர் தந்தது ஒன்று, கேப்டன் தந்தது ஒன்று. அவள் கேப்டனின் மோதிரத்தை முதலில் இழுத்து விரலில் விட்டாள்.

"அது இல்ல" என்று அல்மாஸ் அவள் கையைத் தட்டினாள். "முதல் ஆளோடது உள்ள. அடுத்தவரோடது வெளிய. அப்பத்தான முதலாவது விழாது."

"யார் சொன்னது?"

"உனக்குத் தெரியாதா? உங்கம்மா கல்யாணத்துல நீ..." அல்மாஸ் நிறுத்தினாள். "ஆமா, உன்னைச் சௌல்தாரியிலயே விட்டுட்டாங்கல்ல. அம்மா கல்யாணத்தப் புள்ள பாக்கக் கூடாதுன்னு."

பானு ஸ்டூலில் உட்கார்ந்தாள்.

அல்மாஸ் சொன்னாள். அம்மா இதே ஸ்டூலிலிருந்து அவளுக்குச் சொன்னதாம். கல்யாணம் கோயிலில் சின்னதாக நடந்தது. சாப்பாட்டுக்குப் பிறகு ஒச்சம்மா குடத்தைக் கொண்டுவந்து நடுவில் வைத்தாள். குறுகின வாய்க் குடம், தொண்டைவரை மஞ்சள் தண்ணீர். அதற்குள் அந்தச் சிவப்புக்கல் மோதிரத்தைப் போட்டாள். பெண்ணும் மாப்பிள்ளையும் ஒரே நேரத்தில் கையை விட்டுத் தேட வேண்டும். யார் முதலில் எடுக்கிறாரோ அவர் வீட்டில் அவர் ராஜ்யம். ரெண்டாங்கல்யாணத்துக்கு எதற்கு விளையாட்டு என்று யாரோ முனகியிருக்கிறார்கள். ஒச்சம்மாதான், "எந்தம்பிக்கு இது மொதக் கல்யாணம்" என்று அதட்டியிருக்கிறாள்.

"அக்கா இடது கைய விட்டிருக்கு. விரல்ல உங்கப்பா மோதிரம். தொளதொளன்னு கிடந்தது தண்ணிக்குள்ள நழுவிப்போச்சு. அக்காவுக்கு அப்பவே தெரிஞ்சுபோச்சு. கத்தவும் முடியல, கைய எடுக்கவும் முடியல. 'அல்மாஸு, என் உசுரு குடத்துக்குள்ள கிடந்துச்சு'ன்னு சொல்லும். சுத்திலயும் எல்லாரும் எடு எடுன்னு கத்துறாங்க. உங்க மாமா டக்குன்னு கைய வெளிய எடுத்துத் தூக்கிக் காட்டினாரு. மாப்பிள்ளைதான் ஜெயிச்சாருன்னு கை தட்டுறாங்க. பாத்தா, பெரிய மோதிரம். உங்கப்பாவோடது."

"அப்புறம்?"

"கை தட்டினவங்க அப்படியே நிறுத்திட்டாங்களாம். ஒச்சம்மா மொகத்தப் பாக்க முடியலையாம். மாமா அதத் தொடச்சு அக்கா விரல்ல போட்டுவிட்டாரு. திரும்பக் குடத்துல கைய விட்டு, சின்ன மோதிரத்த எடுத்து, அதுக்கு மேல போட்டாரு. 'இனி விழாது'ன்னாராம். கல்யாணத்தன்னிக்கு அவரு பேசின பேச்சே அம்புட்டுத்தானாம்."

கடைக்கு வெளியே ஓர் ஆட்டோக்காரன் ஹாரனை விடாமல் அடித்தான். பானு பையிலிருந்து மோதிரங்களை எடுத்து உள்ளங்கையில் வைத்தாள்.

"இந்த நூல்? அம்மா சுத்தினதா?"

"ஊசியில நூல் கோக்க என்னைக் கூப்பிடும் உங்கம்மா. கண்ணு எங்க தெரிஞ்சுது அதுக்கு?"

பானு அம்மாவின் பொம்மைக்கு முதலாவதை உள்ளேயும் இரண்டாவதை வெளியேயும் மாட்டினாள். பொம்மை கையைத் தூக்கிக் காட்டியது. உட்கார்ந்திருந்த பொம்மைகள் ஒவ்வொன்றாகத் தங்கள் கைகளைத் தூக்கின. அல்மாஸ் முந்தானையால் மூக்கைத் துடைத்தாள். சமது வாசலிலிருந்து, "அழுவுறத நிறுத்திட்டு அந்தப் புள்ளைக்கு டீ குடும்மா" என்றார்.

டீ வருவதற்குள் அவள் கிளம்பிவிட்டாள்.

நேராக வீட்டுக்குப் போகவில்லை. விமான நிலையச் சாலையில் போய்த் திரும்பினாள். மறுபடி போய்த் திரும்பினாள். ஒன்று தெளிவாக இருந்தது. அப்பா மோதிரம் அவளுக்கு வேண்டும். தனியாக வேண்டும். குடத்துக் கதையால் அது மாறிவிடுமா? ஒருவர் நல்லவராக இருந்தார் என்பதற்காக அவருடைய மோதிரத்தையும் சேர்த்துச் சுமக்க வேண்டுமா? அம்மா சுமந்தாள், அது அம்மாவின் கணக்கு. இப்படியே ஓட்டிக்கொண்டு போனதில் பெட்ரோல் முள் சிவப்புக்கு வந்தது. வேறு வழியில்லாமல் வீட்டுக்குத் திருப்பினாள்.

சண்முகம் பாத்திரங்களைக் கவிழ்த்து வைத்துவிட்டு, பின்பக்கம் தேங்காய் உரித்துக்கொண்டிருந்தார். பானு எதிரே நின்றாள்.

"மாமா, இந்த நூல் நீங்க சுத்தினதா?"

தேங்காயைத் திருப்பிப் போட்டார். "ம்."

"எப்பலேர்ந்து?"

"சர்க்கரை வந்து விரல் மெலிஞ்சிச்சுல்ல. அதுக்கப்புறம் ரெண்டும் சேர்ந்து கழண்டு போச்சு. எங்க படகுல கயிறு நுனி பிரியாம இருக்கக் கட்டுவோம், அதே கட்டுத்தான். மழை முடிஞ்சா நூல் நைஞ்சு போகும். அறுத்துட்டு வேற சுத்துவேன்."

"வருஷா வருஷமா?"

"ம்."

தேங்காய் மட்டை கிழிந்தது. பானு போவதாயில்லை என்று அவருக்குப் புரிந்திருக்க வேண்டும். கையைத் துடைத்துக்கொண்டார்.

"குடத்துக்கதை அல்மாஸக்கா சொன்னாங்க" என்றாள். "தெரியாம எடுத்தீங்களா?"

"எதை?"

"அப்பா மோதிரத்தை. சின்னதுன்னு நினைச்சு."

சண்முகம் முதல்முறையாக அவளை நேராகப் பார்த்தார்.

"தண்ணிக்குள்ள கையில ரெண்டும் தட்டுப்பட்டுச்சு பானு. இருபது வருஷம் இருட்டுல கயிறு புடிச்ச கை. எது பெரிசு எது சின்னதுன்னு தெரியாதா? உங்கம்மா கை அவசரமாத் துழாவிச்சு. அது என்ன தேடுதுன்னும் தெரிஞ்சிச்சு. அதான் முதல்ல அத எடுத்தேன்."

"அத்தனை பேர் முன்னாடி."

"ஆமா. அக்காவுக்குத்தான் மனசு ஆறல. மொதல்ல அவன் மோதிரம் வந்துருச்சு, இந்த வீட்டுல அவன் ராஜ்யந்தான்னு இன்னைக்கி வரைக்கும் சொல்லுது. நாளைக்குப் பிரிச்சுக் குடுத்துரு. அக்கா கேக்குறது தப்பில்ல. உனக்கும் உங்கப்பாவோடது தனியா வேணுமின்னு எனக்குத் தெரியும். சின்னப் புள்ளையிலேர்ந்து நீ அந்த விரலைப் பாக்குறதை நானும் பாத்துக்கிட்டுத்தான இருக்கேன்."

அவர் அடுத்த தேங்காயை எடுத்தார். பானு அங்கேயே நின்றாள். பிறகு உள்ளே போய், ஏற்கெனவே துடைத்த சுவிட்ச் போர்டை மறுபடி துடைத்தாள்.

மறுநாள் காரியம் முடிந்தது. பந்தலில் இலை எடுத்தாயிற்று. வந்தவர்கள் தாம்பூலத்தோடு கிளம்பிக்கொண்டிருந்தார்கள். ஒச்சம்மா திண்டில் சாய்ந்து கால்களை நீட்டி உட்கார்ந்து, "ஏத்தா, கத்திரியக் கொண்டா" என்றாள்.

பானு பையோடு வந்தாள். மோதிரங்களை எடுத்துத் தன் இடது மோதிர விரலில் மாட்டிப் பார்த்தாள். ஆடின. கையைக் கவிழ்த்தால் விழுந்துவிடும்.

"அத்தை, நான் பிரிக்கலை."

"என்னது?"

"ரெண்டையும் நானே போட்டுக்கிறேன்."

ஒச்சம்மா காலை மடக்கினாள். "இந்தா பாரு. நேத்துச் சரின்னு சொன்ன வாய்தான இது? கல்யாணம் ஆகாத புள்ள ரெண்டு கல்யாண மோதிரத்த மாட்டிக்கிட்டுத் திரிஞ்சா எவன்டி வருவான்?"

"வர்றவன் மூணாவதை மேல போடட்டும். விரல்ல இடம் இருக்கு."

போய்க்கொண்டிருந்த ஒருத்தி செருப்பைத் தேடுகிற சாக்கில் நின்றாள். ஒச்சம்மா வாயைத் திறந்து, மூடி, தம்பியின் பக்கம் திரும்பினாள். "கேட்டியாடா? உன் வாய்க்கும் சேர்த்து இவ பேசுறா. இது அவுக அப்பன் வீட்டு ராஜ்யந்தான்னு நான் சொன்னேனா இல்லையா?"

"சொன்ன" என்றார் சண்முகம்.

அவர் எழுந்து உள்ளே போனார். வெள்ளை நூல்கண்டும் ஒரு மெழுகுவத்தித் துண்டும் எடுத்துக்கொண்டு வந்தார். பானுவுக்கு எதிரே தரையில் உட்கார்ந்தார். கையை நீட்டினார். அவள் மோதிரங்களைக் கொடுத்தாள். கத்திரிக்கோலையும் கேட்டு வாங்கினார்.

"இது உங்கம்மா விரலுக்குச் சுத்தினது. உனக்கு ஆகாது" என்று சொல்லிப் பழைய நூலை அறுத்தார்.

ஒரே வெட்டு. நூல் சுருளாகக் கழன்று விழுந்தது. அவருடைய காய்ப்பேறிய உள்ளங்கையில் இரண்டு மோதிரங்களும் தனித்தனியாகக் கிடந்தன. பானு பத்து வயதிலிருந்து பார்க்க விரும்பிய காட்சி. அப்பாவின் மோதிரத்தில், நூல் மறைத்திருந்த இடம் மட்டும் புதுசாக மின்னியது. ஒச்சம்மா கழுத்தை நீட்டிப் பார்த்தாள். சண்முகம் கையை மூடவில்லை. அவளுக்கு எட்டும் தூரத்தில் அப்படியே வைத்திருந்தார்.

பானு அப்பாவின் மோதிரத்தை எடுத்தாள். கனமாக இருந்தது. உள்பக்கம் வழவழவென்று தேய்ந்திருந்தது. பெருவிரலால் ஒரு சுற்றுத் தடவினாள். பிறகு தன் விரலில் அடிவரை தள்ளிவிட்டுக் கையை அவர் முன்னால் நீட்டினாள்.

"அடுத்தது" என்றாள்.

சண்முகம் சிவப்புக்கல்லை அதற்கு மேல் போட்டார். நூலை மெழுகில் இழுத்தார். முதல் சுற்று போட்டதும் அவள் விரல் விலகியது. அந்தக் கை ஆஸ்பத்திரியிலிருந்து வந்த நாள் முதல் எதையாவது துடைத்துக்கொண்டோ திருகிக்கொண்டோதான் இருந்தது.

"ஆட்டாத" என்றார்.

உள்ளே அலமாரியில் அம்மாவின் போன் 'டிங்' என்றது. அவள் எழுந்திருக்கப் போனாள்.

"இரு. நுனியை உள்ள வாங்கணும்" என்றார் அவர். "பாதியில விட்டா பிரிஞ்சிரும்."

பானு கையை அசைக்காமல் வைத்துக்கொண்டாள்.